பாலு மகேந்திரா: ஒரு கைக்குள் பல கலைகள்

திண்டுக்கல் என்ற பெயரைக் கேட்டதும் வெளியூரார் நெஞ்சில் முதலில் தோன்றுவது மலைக்கோட்டை; அடுத்துத் தோன்றுவது பூட்டு. நல்லாம்பட்டி, யாகப்பன்பட்டி போன்ற நம் அண்டை ஊர்களில் தலைமுறை தலைமுறையாகப் பூட்டைக் கையாலேயே செய்து வருகின்றனர். 2019ஆம் ஆண்டில் திண்டுக்கல் பூட்டுக்குப் புவிசார் குறியீடும் கிடைத்தது. தகட்டை வெட்டுவது, அரத்தால் இழைப்பது, லீவர்களை அடுக்குவது, ஆணி அறைந்து இறுக்குவது, சாவியை அறுப்பது என்று அதில் பல வேலைகள் உண்டு. பட்டறைகளில் இவற்றை ஆளுக்கொன்றாகப் பகிர்ந்துகொள்வதே வழக்கம். ஆயினும் லீவர் ஒன்று மயிரிழை பிசகிச் சாவி திரும்பாமல் போகும்போது, பிசகு எங்கே நேர்ந்தது என்று கண்டு சொல்வதற்கு எல்லா வேலையும் அறிந்த ஒரு மூத்த கைவினைஞர் தேவைப்படுகிறார். அவர் இல்லாத பட்டறையில் பழுது யாருடையது என்ற வாதமே மிஞ்சும்.

திரைப்படமும் இத்தகைய ஒரு பட்டறைத் தொழிலே. கதை ஒருவருடையது, ஒளிப்பதிவு மற்றொருவருடையது, படத்தொகுப்பு மூன்றாமவருடையது, இயக்கம் நான்காமவருடையது. இவை அனைத்தையும் ஒரே கைக்குள் வைத்துக்கொண்டு தமிழ்த் திரையில் முப்பது ஆண்டுகளுக்குமேல் உழைத்தவர் பாலு மகேந்திரா. 2014ஆம் ஆண்டு பிப்ரவரி 13ஆம் நாள் அவர் சென்னையில் மறைந்தார். அவர் தமது இறுதிக்காலத்தில் சென்னையில் நடத்திய பயிற்சிப் பள்ளிக்கு இட்ட பெயரும் ‘சினிமாப் பட்டறை’ என்பதே. இத்தனை கலைகளையும் ஒருவர் ஏன் கற்றார், அவற்றால் எதைக் காத்தார், அவர் காத்துத் தந்ததை நாம் என்ன செய்தோம் என்பனவற்றை இக்கட்டுரையில் சிந்திக்க விழைகிறோம்.

மட்டக்களப்பில் தொடங்கிய பயணம்

இலங்கையின் கிழக்குக் கரையில், மட்டக்களப்பை அடுத்த அமிர்தகழி என்னும் சிற்றூரில் 1939ஆம் ஆண்டு மே 20ஆம் நாள் அவர் பிறந்தார். பாலநாதன் பெஞ்சமின் மகேந்திரன் என்பது முழுப் பெயர். தந்தையார் கல்லூரி ஆசிரியர். மகன் படித்தது, இயேசு சபைக் குருக்கள் நடத்திவந்த மட்டக்களப்புப் புனித மிக்கேல் கல்லூரியில். புனித மரியன்னைப் பள்ளியையும் பெஸ்கி கல்லூரியையும் அறிந்த திண்டுக்கல் வாசகர்களுக்கு, அத்தகைய ஒரு பள்ளியின் சூழல் எப்படி இருந்திருக்கும் என்று விளக்க வேண்டுவதில்லை. பாடப் புத்தகத்துக்கு அப்பாலும் மாணவனுக்கு ஓர் உலகம் உண்டு என்று கருதிய ஆசிரியர்கள் அங்கே இருந்தனர். வகுப்பாசிரியர் ஒருவரின் வழியாகவே ‘பைசிக்கிள் தீவ்ஸ்’ என்ற இத்தாலியப் படத்தையும், ‘பேட்டில்ஷிப் பொட்டெம்கின்’ என்ற ரஷ்யப் படத்தையும் அந்தச் சிறுவன் காண நேர்ந்தது. சைக்கிளைப் பறிகொடுத்த ஓர் ஏழைத் தந்தையின் ஒரு நாள் அலைச்சலே முழுநீளப் படமாக முடியும் என்பது அவனுக்குப் புதிய செய்தியாக இருந்திருக்க வேண்டும்.

பள்ளிச் சுற்றுலா ஒன்றில் மற்றொரு வாய்ப்பும் கிட்டியது. ஆங்கிலேய இயக்குநர் டேவிட் லீன் ‘தி பிரிட்ஜ் ஆன் த ரிவர் க்வாய்’ என்ற படத்தை அப்போது இலங்கையில் எடுத்துக்கொண்டிருந்தார். 1957இல் வெளிவந்த படம் அது. இயக்குநர் மழை என்று குரல் கொடுத்ததும் வானம் தெளிந்திருந்த இடத்தில் மழை கொட்டியதாம். குழாய் நீர்தான் அது. ஆயினும் ஒரு மனிதர் சொல்ல மழை பெய்த அந்தக் காட்சியே தம்மைத் திரைப்படத்தின் பக்கம் இழுத்தது என்று பாலு மகேந்திரா பின்னாளில் பலமுறை சொல்லியிருக்கிறார்.

இழுத்த இடத்துக்கு உடனே போய்ச் சேர முடியவில்லை. இலண்டன் பல்கலைக்கழகப் பட்டம் பெற்றார். கொழும்பில் நில அளவைத் துறையில் பணியாற்றினார். ‘தேனருவி’ என்ற இலக்கிய இதழின் ஆசிரியராக இருந்தார். இலங்கை வானொலி நாடகங்களில் நடித்தார். சிங்கள நாடகக் குழுக்களோடு பழகினார். அளவையாளரின் கண், இதழாசிரியரின் சொல், வானொலி நடிகரின் செவி ஆகிய மூன்றும், கேமராவைத் தொடும் முன்னரே இவ்வாறு அவருக்குக் கைவந்தன எனலாம்.

1966இல் புனே திரைப்படக் கல்லூரியில் சேர்ந்தார். அவர் விரும்பிய பிரிவில் இடம் கிடைக்கவில்லை. ஒளிப்பதிவுப் பிரிவில்தான் இடம் இருந்தது. கிடைத்த வாயில் வழியாக உள்ளே நுழைந்தார். அங்கேதான் பிரான்சின் புதிய அலை இயக்குநர்களான துருஃபோ, கோதார் ஆகியோரின் படங்களை அவர் கண்டார். 1969இல் ஒளிப்பதிவில் பட்டயம் பெற்று வெளிவந்தார். தாய்நாட்டுச் சிங்களத் திரையில் இடம் தேடினார், அது வாய்க்கவில்லை. அழைப்பு கேரளத்திலிருந்து வந்தது. ‘செம்மீன்’ படத்தால் புகழ்பெற்றிருந்த ராமு காரியாட், தமது ‘நெல்லு’ படத்துக்கு ஒளிப்பதிவாளராக அவரை அமர்த்தினார். 1974இல் வெளிவந்த அப்படம் அவருக்குக் கேரள மாநில விருதைப் பெற்றுத் தந்தது.

இருக்கும் ஒளியைப் போற்றுதல்

அந்நாளைய வண்ணப் படச்சுருள் மிகுந்த ஒளியை வேண்டியது. ஆகவே, படப்பிடிப்புத் தளங்களில் பெரும் விளக்குகளை நேரே முகத்தின்மேல் பாய்ச்சுவது வழக்கமாயிற்று. குடிசையில் வாழும் ஏழையின் முகமும் திரையில் பளபளவென்று மின்னும்; ஒரு பொருளுக்கு மூன்று நிழல்கள் விழும்; கறுத்த முகங்கள் மாவு பூசி வெளுக்கப்படும். நாம் அன்றாடம் காணும் முகங்களும் வீடுகளும் திரையில் வேற்றுநாட்டுப் பொருள்போல் தோன்றியதற்கு இது ஒரு பெருங்காரணம்.

இதற்கு மாற்றுவழி ஒன்றை வங்காளத்தில் சுப்ரதா மித்ரா முன்னரே காட்டியிருந்தார். சத்யஜித் ராயின் ‘அபராஜிதோ’ படத்துக்காக 1956இல் அவர் காசி நகரத்து வீட்டு முற்றம் ஒன்றைத் தளத்துக்குள் அமைத்து, மேலே வெள்ளைத் துணியைக் கட்டி, விளக்கொளியை அதன்மேல் பாய்ச்சித் திருப்பி விழச் செய்தார். திறந்த வானத்திலிருந்து முற்றத்தில் இறங்கும் ஒளியைப் போலவே அது இருந்தது. பாலு மகேந்திராவும் இந்த மரபைச் சேர்ந்தவரே. சன்னல் வழியே வரும் காலை வெயில், ஓலைக்கூரைக்கு அடியில் தங்கும் இருள், மழைநாளின் மங்கல் ஆகியவற்றை அவர் மாற்ற முயலவில்லை. அந்த ஒளிக்கேற்ப நடிகரை நிறுத்தினார். வேண்டிய வேளை வரும்வரை காத்திருந்தார். ஒப்பனையைக் குறைத்தார். ஷோபா, அர்ச்சனா போன்ற நடிகையரின் மாநிற முகங்களைத் தமிழர் வெள்ளித்திரையில் தம் வீட்டுப் பெண்களின் முகங்களாகக் கண்டது இவ்வாறுதான்.

1978இல் ‘முள்ளும் மலரும்’ வெளிவந்தது. அதன் இயக்குநரின் பெயர் மகேந்திரன். ஒளிப்பதிவாளர் பாலு மகேந்திரா. இளையான்குடியில் பிறந்த அந்த இயக்குநரின் இயற்பெயர் அலெக்சாண்டர். அலெக்சாண்டரும் பெஞ்சமினும் ஒரே பெயரின் இரு வடிவங்களைத் தாங்கி, ஒரே படத்தில் இணைந்து தமிழ்த் திரையின் போக்கையே மாற்றியது வரலாற்றின் ஓர் இனிய தற்செயல். அண்ணன் தங்கைப் பாசத்தைப் பக்கம் பக்கமான வசனத்தால் அல்லாமல் பார்வையாலும் மௌனத்தாலும் சொன்ன அப்படத்தில், ஒளிப்பதிவு கதையின் ஒரு பாதியைத் தானே சொல்லிவிடுகிறது. 1980இல் தெலுங்கில் வெளிவந்து இந்தியா முழுவதும் பேசப்பட்ட ‘சங்கராபரணம்’ படத்தின் ஒளிப்பதிவாளரும் அவரே. மணிரத்னத்தின் முதற்படமான ‘பல்லவி அனுபல்லவி’க்கும் (1983) கேமராவை இயக்கியவர் அவரே.

ஐந்து மொழிகளில் ஒரு குரல்

இயக்குநராக அவருடைய முதற்படம் தமிழில் அமையவில்லை. 1977இல் வெளிவந்த ‘கோகிலா’ கன்னடப் படம். அதன் கறுப்பு வெள்ளை ஒளிப்பதிவுக்காக முதன்முறை தேசிய விருது பெற்றார். தமிழில் முதற்படம் 1979இல் வந்த ‘அழியாத கோலங்கள்’. சிற்றூரில் வளரும் மூன்று சிறுவர்களின் பருவ மாற்றத்தைச் சொல்வது. 1980இல் ‘மூடுபனி’, இளையராஜா இசையமைத்த நூறாவது படம் என்ற சிறப்பும் அதற்கு உண்டு. 1982இல் ‘மூன்றாம் பிறை’. விபத்தில் நினைவிழந்து குழந்தை மனத்தினளாகிவிட்ட ஒரு பெண்ணை மீட்டுக் காக்கும் பள்ளி ஆசிரியர், அவள் குணமடைந்தபின் அவளுக்கு அந்நியனாகிப் போகும் கதை. அப்படத்தின் ஒளிப்பதிவுக்காக இரண்டாம் முறை தேசிய விருது பெற்றார். அதில் நடித்த கமல்ஹாசனும் சிறந்த நடிகருக்கான தேசிய விருதை முதன்முறையாகப் பெற்றார். அதே கதையை 1983இல் ‘சத்மா’ என்று இந்தியிலும் அவரே இயக்கினார். மலையாளத்தில் ‘ஓளங்கள்’ (1982), ‘யாத்ரா’ (1985) ஆகியன அவர் இயக்கிய படங்கள்.

கன்னடம், தமிழ், மலையாளம், தெலுங்கு, இந்தி என ஐந்து மொழிகளின் திரையுலகில் நடமாடியவருக்குத் தாய்மண் என்று ஒன்று இருந்தது. அங்குத் தொழில் இருக்கவில்லை. தொழில் இருந்த மண்ணில் அவர் வந்தேறியாகவே வாழ்வைத் தொடங்கினார். புலம்பெயர்ந்தோர் கையில் எடுத்துச் செல்லக்கூடிய ஒரே சொத்து கைத்தொழில். ஒன்றுக்கு மேற்பட்ட தொழில்களை அவர் கற்றுக்கொண்டதற்கு இதுவும் ஒரு காரணமாகலாம் என்று நாம் எண்ணுகிறோம்.

அவருடைய எல்லாப் படங்களையும் ஒரே தட்டில் வைத்துப் போற்றுவது நேர்மையாகாது. ‘நீங்கள் கேட்டவை’ (1984), ‘உன் கண்ணில் நீர் வழிந்தால்’ (1985) போன்றவை சந்தைக்காகவே சமைக்கப்பட்டவை. முதலாவதன் தலைப்பே அதை ஒளிக்காமல் சொல்கிறது. சில படங்களுக்கு மேலைநாட்டு நாவலும் திரைப்படமும் மூலமாக அமைந்தன. ஆயினும் சந்தைக்குச் செய்து கொடுத்த வேலையால் ஈட்டிய பெயரை வைத்தே, சந்தை கேட்காத இரண்டு படங்களை அவர் எடுத்தார் என்பதை மறக்கலாகாது.

‘வீடு’

அவற்றுள் முதலாவது ‘வீடு’. 1987ஆம் ஆண்டுக்கான சிறந்த தமிழ்ப் படம் என்ற தேசிய விருதும், நாயகி அர்ச்சனாவுக்குச் சிறந்த நடிகை விருதும் பெற்றது. திரைக்கதை, ஒளிப்பதிவு, படத்தொகுப்பு, இயக்கம் அனைத்தும் அவருடையவை. பாடல் இல்லை, சண்டை இல்லை. இளையராஜா முன்னரே வெளியிட்டிருந்த ‘ஹவ் டு நேம் இட்’ என்ற இசைத் தொகுப்பின் பகுதிகள் பின்னணியாக அமைந்தன.

கதை நம் ஒவ்வொருவருக்கும் தெரிந்ததே. சென்னையில் அலுவலகம் ஒன்றில் பணிபுரியும் ஓர் இளம்பெண். அவளுக்கு ஒரு தங்கை, ஒரு தாத்தா. வாடகை வீட்டைக் காலி செய்யும்படி உரிமையாளர் சொல்கிறார். சொந்தமாக வீடு கட்டிவிடலாம் என்று துணிகிறாள். இருக்கும் நிலத்தில் ஒரு பகுதியை விற்கிறாள், கடன் வாங்குகிறாள், நகையை இழக்கிறாள். ஒப்பந்தக்காரர் சிமெண்ட் மூட்டைகளைக் களவாக விற்கிறார். அதைத் தட்டிக் கேட்பவள் சித்தாள் மங்கம்மா. அரைகுறையாக எழும்பிய சுவர்களைத் தாத்தா தனியே வந்து தடவிப் பார்த்து மகிழ்ந்து, வீடு திரும்பும் வழியில் உயிர் துறக்கிறார். மூத்த நாடகக் கலைஞர் சொக்கலிங்க பாகவதர் அந்தப் பாத்திரத்தில் வாழ்ந்தார் என்றே சொல்ல வேண்டும். கடைசியில் ஓர் அதிகாரி வந்து, இந்நிலம் குடிநீர் வாரியத்துக்காக முன்னரே எடுத்துக்கொள்ளப்பட்டது என்கிறார். படம் நீதிமன்ற வாசலில் முடிகிறது. தீர்ப்பு நமக்குச் சொல்லப்படுவதில்லை.

தம் சிறுவயதில் வீட்டார் வீடு கட்டத் தொடங்கியபோது, சிரித்த முகமாக இருந்த தாயார் அந்தச் சுமையால் மாறிப்போனதைக் கண்ட நினைவே இப்படத்துக்கு வித்து என்று அவர் சொல்லியிருக்கிறார். நாம் இதனுடன் மற்றொன்றையும் சேர்த்து எண்ணிப் பார்க்கலாம். 1983ஆம் ஆண்டுக் கலவரத்துக்குப் பின் ஈழத் தமிழர் பல்லாயிரவர் வீடும் நிலமும் இழந்து கடல் கடந்து தமிழகத்துக்கு வந்துகொண்டிருந்த ஆண்டுகள் அவை. மட்டக்களப்பில் பிறந்தவர் அப்போது, கட்டிய வீடு தனதாகாத ஒரு பெண்ணின் கதையைச் சொல்கிறார். இது நம்முடைய வாசிப்பே. ஆயினும் அப்படத்தின் துயரத்துக்குச் சென்னை மாநகரை விடவும் பெரிய ஓர் எல்லை உண்டு என்றே நமக்குத் தோன்றுகிறது.

இங்கேதான் பல கலைகள் ஒரே கையில் இருந்ததன் பொருள் விளங்குகிறது. பாடலைச் சேர்க்கச் சொல்லும் ஒருவர், முகத்துக்கு இன்னும் வெளிச்சம் வேண்டும் என்னும் ஒருவர், தாத்தா சுவரைத் தடவும் காட்சி நீளம் என்று வெட்டும் ஒருவர் எனப் பலர் கூடியிருந்தால் ‘வீடு’ இவ்வடிவில் எஞ்சியிருக்காது. ஒவ்வொரு வேலையையும் தாமே ஏற்றதனால், ஒரு சிறிய உண்மை அதன் அளவு மாறாமல் திரைக்கு வந்து சேர்ந்தது. சிறிய குழு, குறைந்த விளக்கு, குறைந்த செலவு என்பதனால் முதலீட்டாளரின் அச்சமும் குறைந்தது. 1989இல் வந்த ‘சந்தியா ராகம்’ இவ்வழியிலேயே பிறந்தது. மனைவியை இழந்து, கிராமத்திலிருந்து நகரத்துக்குத் தம்பி மகனின் வறிய குடும்பத்தை நாடி வரும் முதியவர், இறுதியில் முதியோர் இல்லம் செல்லும் கதை அது. குடும்ப நலம் பற்றிய சிறந்த படத்துக்கான தேசிய விருது அதற்குக் கிடைத்தது.

மறைந்த நாடும் மறையாத சுருளும்

இவரைப் போன்றோர் பிறநாடுகளிலும் இருந்தனர். யூகோஸ்லாவியாவில் கார்ப்போ கோதினா என்றொருவர். 1943இல் ஸ்கோப்யே நகரில் பிறந்த ஸ்லோவேனியர். ஒளிப்பதிவு, படத்தொகுப்பு, இயக்கம் மூன்றிலும் வல்லவர். 1969இல் பெர்லின் திரைப்பட விழாவில் தங்கக் கரடி விருது வென்ற ‘ரானி ராடோவி’ என்ற படத்தின் இயக்குநர் ஷெலிமிர் ஷில்னிக், ஒளிப்பதிவாளர் கோதினா. ஆட்சியாளருக்கு உவப்பில்லாத அப்படம் தாய்நாட்டில் நீதிமன்றம் வரை இழுக்கப்பட்டது. கோதினா தாமே இயக்கிய ‘ஸ்ப்லாவ் மெடூசே’ 1980இல் வெளிவந்தது. பின்னர் லியுப்லியானாவில் ஆசிரியராக இளைஞர்களுக்குக் கற்பித்தார். ஒருவருக்கொருவர் அறிமுகமில்லாத இவ்விருவரின் வாழ்வும் கைத்தொழிலில் தொடங்கி, இயக்கத்தில் மலர்ந்து, ஆசிரியப் பணியில் கனிந்தது ஒப்புநோக்கத்தக்கது.

ஆனால் ஓரிடத்தில் இருவர் வரலாறும் பிரிகின்றன. யூகோஸ்லாவியா என்ற நாடு 1991 முதல் போரில் சிதறியது. இன்று அப்பெயரில் ஒரு நாடு இல்லை. எனினும் 1949இல் பெல்கிரேடில் நிறுவப்பட்ட ‘யூகோஸ்லாவியத் திரைக் காப்பகம்’ இன்றும் அப்பெயரைத் தாங்கியே நிற்கிறது. உலகின் பெரிய திரைக் காப்பகங்களுள் ஒன்றாக எண்ணப்படுகிறது. நாடு போயிற்று, அதன் படங்கள் காக்கப்பட்டன.

நம் நிலை என்ன? நாடு இருக்கிறது, மொழி இருக்கிறது, திரையரங்குகளில் கூட்டமும் இருக்கிறது. ஆனால் ‘வீடு’, ‘சந்தியா ராகம்’ ஆகியவற்றின் மூல நெகட்டிவ்கள் இல்லாமற் போய்விட்டன என்று பாலு மகேந்திராவே தம் இறுதி ஆண்டுகளில் மேடைதோறும் வருந்திச் சொன்னார். தமிழ்நாட்டுக்கு ஒரு திரைப்பட ஆவணக் காப்பகம் வேண்டும் என்று அரசிடமும் திரையுலகிடமும் மீண்டும் மீண்டும் வேண்டினார். அவர் கண்மூடும்வரை அது அமையவில்லை.

நெகட்டிவ் என்பதன் அருமையை ஒரு சொல்லில் விளக்கலாம். திரையரங்கில் ஓடும் பிரதி ஓடும்தோறும் தேயும், கீறும். மூலச்சுருள் பத்திரமாக இருந்தால் புதுப் பிரதி எடுக்கலாம். மூலம் அழிந்தால் தேய்ந்த பிரதியே மிஞ்சும். அதுவும் போனால் கேள்விப்பட்ட செய்தி மட்டுமே மிஞ்சும். படச்சுருள் வெப்பத்திலும் ஈரத்திலும் கெடும், முதலில் காடி நாற்றம் வீசும், பின்பு சுருண்டு நொறுங்கும், வண்ணங்கள் வெளிறும். பழைய கறுப்பு வெள்ளைச் சுருள்களை அவற்றிலுள்ள வெள்ளிக்காகவே உருக்கி விற்றதும் உண்டு. தென்னிந்தியாவின் முதல் மௌனப் படமான நடராஜ முதலியாரின் ‘கீசக வதம்’ இன்று இல்லை. முதல் தமிழ்ப் பேசும் படமான 1931ஆம் ஆண்டு ‘காளிதாஸ்’ இன்று இல்லை. தேசியத் திரைப்பட ஆவணக் காப்பகம் புனேயில் 1964இல் தொடங்கப்பட்டது. 2003 ஜனவரியில் அங்கு நேர்ந்த தீவிபத்தில் பழைய நைட்ரேட் சுருள்கள் பல எரிந்தன. டிஜிட்டல் முறை வந்ததும் படச்சுருள் கழுவும் ஆய்வுக்கூடங்கள் ஒவ்வொன்றாக மூடப்பட்டன. அங்கு அடுக்கியிருந்த பெட்டிகளைத் தேடி வந்தவர் சிலரே.

யாழ்ப்பாண நூலகம் 1981இல் எரிக்கப்பட்டபோது தமிழுலகம் அழுதது. அது பகைமையின் தீ. அலட்சியத்துக்குத் தீ வேண்டுவதில்லை. பூட்டிய அறையின் புழுக்கமே போதும்.

கையிலிருந்து கைக்கு

ஒன்று மட்டும் அழியவில்லை. தம் கைத்தொழிலை அவர் பிறர் கைகளுக்கு மாற்றிக் கொடுத்தார். நம் அண்டை மாவட்டமான தேனியைச் சேர்ந்த பாலா அவரிடம் உதவியாளராக இருந்து, 1999இல் ‘சேது’வை இயக்கினார். மதுரைச் சீமையிலிருந்து சென்ற சீனு ராமசாமி, ‘கற்றது தமிழ்’ எடுத்த ராம், கவிஞர் நா. முத்துக்குமார் ஆகியோரும் அவருடைய பட்டறையில் பழகியவர்களே. வெற்றிமாறன், சென்னை இலயோலாக் கல்லூரியில் ஆங்கில இலக்கியம் பயின்றுகொண்டிருந்த நாளில், அங்கு நடந்த கருத்தரங்கில் பாலு மகேந்திராவின் உரையைக் கேட்டு, படிப்பை விட்டு அவரைப் பின்தொடர்ந்தார். இயேசு சபையாரின் பள்ளி ஒன்றில் மட்டக்களப்பில் பற்றிய தீ, அதே சபையாரின் கல்லூரி ஒன்றில் சென்னையில் அடுத்த கைக்கு மாறியது என்பது நம் இதழின் வாசகர்களுக்கு மகிழ்ச்சி தரும் செய்தி.

அவர் மாணவர்களுக்குச் சொன்ன முதற்பாடம் கேமராவைப் பற்றியது அன்று. நாள்தோறும் ஒரு சிறுகதை படிக்க வேண்டும் என்பதே அது என்று மாணவர்கள் நினைவுகூர்கின்றனர். 52 சிறுகதைகளைக் குறும்படங்களாக்கி ‘கதை நேரம்’ என்ற பெயரில் தொலைக்காட்சிக்குத் தந்தவர் அல்லவா! வெற்றிமாறன் முதலில் தொழில் கற்றதும் அதில்தான். சிறந்த இயக்குநருக்கான தேசிய விருது பாலு மகேந்திராவுக்கு வாய்க்கவில்லை. ‘நான் கடவுள்’ படத்துக்காகப் பாலாவும், ‘ஆடுகளம்’ படத்துக்காக வெற்றிமாறனும் அதைப் பெற்றனர். ஆசிரியருக்கு இதனினும் பெரிய விருது வேறென்ன?

அவருடைய கடைசிப் படம் ‘தலைமுறைகள்’ 2013 டிசம்பரில் வெளிவந்தது. எழுபத்து நான்கு வயதில் டிஜிட்டல் கேமராவை ஏந்தி, எழுதி, தொகுத்து, இயக்கி, முதன்முறையாக முதன்மைப் பாத்திரத்தில் நடிக்கவும் செய்தார். கிறிஸ்தவப் பெண்ணை மணந்த மகனை விலக்கி வைத்திருந்த ஒரு முதியவர், தமிழ் அறியாத பேரனிடம் மனம் உருகுகிறார். தாத்தா பேரனுக்குத் தமிழ் கற்றுத் தருகிறார்; பேரன் தாத்தாவுக்கு ஆங்கிலம் கற்றுத் தருகிறான். சமய வேறுபாட்டால் பேச்சற்றுப் போன குடும்பங்கள் நம் பங்குகளிலும் இல்லாமல் இல்லை. தேசிய ஒருமைப்பாட்டுக்கான நர்கிஸ் தத் விருது அப்படத்துக்கு அறிவிக்கப்பட்டபோது, அதைப் பெற அவர் இல்லை.

நம் கடமை

ஒரு கலைஞர் எத்தனை தொழில்களைக் கற்றாலும் ஒரு தொழிலை அவர் தனியே செய்ய இயலாது. தம் படைப்பைத் தமக்குப் பின் காக்கும் தொழில் அது. அதைச் சமுதாயம்தான் செய்ய வேண்டும். அதன் அருமை கத்தோலிக்கருக்குப் புதிதன்று. நம் பங்குக் கோவில்களில் திருமுழுக்கு, திருமணப் பதிவேடுகளைத் தலைமுறை தலைமுறையாகப் பூட்டிக் காத்து வருகிறோம். பாட்டனாரின் பெயரைத் தேடி வருபவருக்கு அந்த ஏட்டில் விடை கிடைக்கிறது. வீரமாமுனிவர் கவிஞராக, இலக்கண ஆசிரியராக, அகராதிக் கலைஞராக, உரைநடையாளராக ஒரே வாழ்நாளில் உழைத்தவை நம்மிடம் இருப்பதற்குக் காரணம், பெயர் தெரியாத பலர் அவற்றை ஏட்டில் படியெடுத்துப் பேணியதுதான். திரைப்படங்களையும் காக்கத்தக்க ஆவணங்களாகக் கருதித் திருத்தந்தை 23ஆம் யோவான் 1959இலேயே வத்திக்கானில் ஒரு திரைப்பட நூலகத்தை நிறுவினார்.

நாம் செய்யக்கூடியது சிறிதேனும் உண்டு. பங்கின் நூற்றாண்டு விழா, கோவில் தேர்த் திருவிழா, பாஸ்கா நாடகம், பள்ளி நாடகம் என்று நம் பகுதியில் எடுத்த ஒளிப்படங்களும் வீடியோ நாடாக்களும் பல வீடுகளின் பரண்களில் பூஞ்சை பிடித்துக் கிடக்கின்றன. அவற்றை எடுத்துத் துடைத்து, டிஜிட்டல் படியாக மாற்றி, ஒரு படியை வீட்டிலும் ஒரு படியைப் பங்கு அலுவலகத்திலும் வைக்கலாம். படத்தின் பின்புறம் ஊர், ஆண்டு, அதில் இருப்போர் பெயர் ஆகியவற்றைப் பென்சிலால் எழுதி வைக்கலாம். முகம் தெரிந்த முதியோர் உயிரோடு இருக்கும்போதே இதைச் செய்தாக வேண்டும். தமிழ்த் திரைக்குக் காப்பகம் வேண்டும் என்று கேட்கும் குரலிலும் நம் குரலைச் சேர்க்கலாம்.

‘வீடு’ படத்தின் தாத்தா தடவிப் பார்த்த அந்தச் செங்கற்சுவரை, தேய்ந்து மங்கிய பிரதிகளிலேனும் இன்றைக்கு நாம் காண முடிகிறது. நம் பேரப்பிள்ளைகளும் அதைக் காண்பார்களா என்பது, பரணிலும் அலமாரியிலும் கிடப்பவற்றை நாம் இந்த ஆண்டில் என்ன செய்கிறோம் என்பதைப் பொறுத்ததே.